வெள்ளரிக்காய் எதையும் ஒப்புக்கொள்ளவில்லை

எங்கள் வீட்டுக் கதவில் மணி இருக்கிறது. அமுக்கினால் குருவி கத்தும். என் கணவர் கொன்ஸ்ரன்ரைன் கடை கடையாக ஏறி இறங்கித் தேடி வாங்கிப் பூட்டிய மணி. எதிர்க்கதவு ஸ்தாஷா அன்ரி இருபது வருடத்துக்கு மேலாக அதை ஒருநாளும் தொட்டதில்லை. இரண்டு தட்டு, ஒரு இடைவெளி, பிறகு ஒரு தட்டு. அதுதான் அவர் வருகை. உள்ளேயிருந்து "ஆர்?" என்று கேட்டால் பெயர் சொல்ல மாட்டார்.

"உருளைக்கிழங்கு வந்திருக்கு."

அதற்கு நான், "எங்களுக்குக் கரட் தான் வேணும்" என்று சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் திரும்பிப் போய்விடுவார். கையில் சுடச்சுட அப்பிள் கேக்கோடு வந்திருந்தாலும் போய்விடுவார். சும்மா சொல்லக்கூடாது, கேக் நல்ல கேக். அந்த ஆசையில்தான் நான் கரட் கேட்கப் பழகினேன்.

முழுப்பெயர் ஸ்தனிஸ்லாவா, போலந்துக்காரி. எங்கள் ஊர்காவற்றுறைப் பக்கத்தில் ஆண்களுக்கு ஸ்ரனிஸ்லாஸ் என்று பெயர் வைப்பார்கள். அதன் பெண் வடிவம். நான் சொல்லப்போகும் கதை நடந்த 2018 இல் அவருக்குத் தொண்ணூற்றொரு வயது. ஒஸ்லோவில் ஸ்டோவ்னர் என்ற பகுதியில் எங்கள் அடுக்குமாடியைக் கட்டிய காலத்திலேயே வந்து குடியேறியவர். நாங்கள் இருவரும் கதைப்பது நோர்வேஜிய மொழி. அவர் அதைப் போலந்து மொழியைப்போலப் பேசுவார், நான் தமிழைப்போலப் பேசுவேன், பக்கத்தில் நிற்கிற நோர்வேக்காரர் தலையைச் சொறிவார்கள். அந்த மொழியில் பெரியவர் சின்னவர் எல்லோரும் "நீ"தான். ஆனால் தொண்ணூறு தாண்டிய மனுசியை நீ என்று எழுத எனக்குக் கை வராது. ஆகவே எல்லாவற்றையும் என் தமிழிலேயே தருகிறேன்.

முதன்முதலில் அவரைக் கவனித்தது கோயிலில். ஒஸ்லோவில் கத்தோலிக்கக் கோயில் என்றால் பாதி போலந்துக்காரர், பாதி நாங்கள், மிச்ச இடத்தில் மற்ற உலகம். போலந்துப் பூசை முடிந்து அவர்கள் வெளியே வர, தமிழ்ப் பூசைக்கு நாங்கள் உள்ளே போவோம். அன்று எல்லாப் போலந்துக்காரரும் வெளியே போக, இந்த மனுசி மட்டும் எங்களோடு உள்ளே வந்து கதவுக்குக் கிட்டக் கடைசி வாங்கில் இருந்தார். பூசை முடிய நான் போய்க் கேட்டேன்.

"உங்கட பூசை முடிஞ்சுதெல்லோ? ஏன் இதுக்கு வந்தனீங்கள்?"

"அங்கை பிரசங்கம் விளங்குது. விளங்கினால் எனக்குக் கோவம் வருது. உங்கட சுவாமி சொன்னது ஒரு சொல்லும் விளங்கேல்லை. நல்ல மனுசன்."

அன்றிலிருந்து எங்களுக்குள் ஒட்டிக்கொண்டது. பிறகுதான் அவர் என் எதிர்க்கதவு என்று தெரிந்தது. அதற்கு முன் இரண்டு வருடம் ஒரே மாடியில் இருந்தும் நான் அவர் முகத்தை நேராகப் பார்த்ததில்லை. அவ்வளவு கவனமாகப் போய் வந்திருக்கிறார். ரயிலில் வந்தால் ஒரு தரிப்பு முன்னதாக இறங்கி நடப்பார். கடைக் கண்ணாடியில் பொருளைப் பார்க்கிற சாட்டில் பின்னால் யார் வருகிறார்கள் என்று பார்ப்பார். பின்னால் வருவது பெரும்பாலும் நான்தான், இரண்டு கையிலும் மரக்கறிப் பையோடு.

இந்தப் பழக்கங்கள் எங்கிருந்து வந்தன என்று துண்டு துண்டாகத்தான் சொன்னார். பதினாறு வயதில் வார்சோவில் இருந்திருக்கிறார். ஜெர்மன்காரன் பிடித்து வைத்திருந்த நகரம். உள்ளுக்குள் ஒரு தலைமறைவுப் படை. அதற்குச் செய்தி கொண்டு ஓடுகிற பெண்களில் இவரும் ஒருத்தி. எல்லோருக்கும் இரகசியப் பெயர். எங்கள் நாட்டில் இயக்கத்துக்குப் போனவர்களுக்கும் அப்படித்தானே, அதை யாரும் எனக்கு விளக்கத் தேவையில்லை. ஆனால் எங்கள் ஆட்கள் நல்ல வீரமான பெயராகப் பார்த்து வைத்தார்கள். இவரோடு சேர்ந்த பெண்களும் கழுகு, மின்னல், புயல் என்று வைத்துக்கொண்டார்களாம். இவர் முறை வந்தபோது தளபதி சாப்பிட்டுக்கொண்டிருந்திருக்கிறார். "கெதியாச் சொல்லு, என்ன பேர்?" என்று அதட்ட, இவர் பயத்தில் தளபதியின் தட்டைப் பார்த்து, "வெள்ளரிக்காய்" என்றிருக்கிறார். அதுவே நிலைத்துவிட்டது.

அவர் விரும்பிச் சொல்வது வாத்துக் கதை. காகிதத்தைச் சுருட்டி உயிருள்ள வாத்தின் செட்டைக்குள் கட்டி, வாத்தைக் கமக்கட்டில் இடுக்கிக்கொண்டு போவாராம். ஒருநாள் சந்தியில் நின்ற ஜெர்மன் சிப்பாய் ஒருவன் வாத்தைப் பறித்துவிட்டான். அன்றைய இரவுச் சாப்பாட்டுக்கு. செய்தி செட்டைக்குள். வெள்ளரிக்காய் அந்த இடத்திலேயே தெருவில் விழுந்து புரண்டு, அது அம்மாவின் வாத்து, அப்பாவின் வாத்து, செத்துப்போன மாமாவின் வாத்து என்று ஒப்பாரி வைத்திருக்கிறார். சிப்பாய் அசையவில்லை. கடைசியில் வாத்துதான் நாட்டைக் காப்பாற்றியது. அவன் மூக்கைப் பிடித்துக் கடித்த கடியில் அவன் அதை வீசி எறிந்துவிட்டு ஓட, வாத்து ஒரு பக்கம் ஓட, இவர் வாத்தின் பின்னால் ஓட, தெரு முழுக்கச் சிரிப்பாம்.

சொல்லி முடிக்கும்போது ஒவ்வொரு முறையும் வாத்தாகவே நடித்துக் காட்டுவார். எங்கள் வரவேற்பறையில், தொண்ணூறு வயதில், இரண்டு கையையும் அடித்துக்கொண்டு! கொன்ஸ்ரன்ரைன் சிரித்துச் சிரித்துப் புரைக்கேறிக் கிடப்பார்.

ஆனால் அதற்குப் பிறகு நடந்தவை? 1944 இல் நகரமே எழுந்து இரண்டு மாதம் சண்டை பிடித்தது, கழிவுநீர்ச் சுரங்கங்களுக்குள்ளால் ஊர்ந்து போனார்கள் என்று நான் வேறு இடத்தில் அறிந்தேன். அவரிடம் கேட்டேன். "ஓம், மணந்தது" என்றார். அவ்வளவுதான். கழுகுக்கும் மின்னலுக்கும் புயலுக்கும் என்ன நடந்தது என்று கேட்டேன். "கேக் காணுமோ, இன்னும் வெட்டவோ?" என்றார். பிறகு நான் கேட்கவில்லை. எனக்கும் கேட்கக்கூடாத கேள்விகள் சில இருக்கின்றன.

சண்டை முடிய இவரை ஜெர்மனியில் பெண்கள் கைதி முகாம் ஒன்றில் போட்டார்கள். விடுதலையான பிறகு போக இடமில்லாமல் அங்கேயே அகதியாக இருந்த காலத்தில், காவலுக்கு வந்த நோர்வே இராணுவத்தின் சமையல்காரன் எட்வேட்டைச் சந்தித்தார். எட்வேட் வைத்த சூப் படுமோசமாம். "நல்லா இருக்கோ எண்டு அவனே கேட்டான். நான் பதில் சொல்ல முந்தி, இல்லை, எனக்குத் தெரியும், நல்லா இல்லை எண்டான். பொய் சொல்லத் தெரியாத ஒருத்தனை அப்பத்தான் முதல்முதல் கண்டனான்." கட்டிக்கொண்டு ஒஸ்லோ வந்துவிட்டார்.

இங்கே ஒரு சாக்லேட் தொழிற்சாலையில் வேலை. அங்கேயும் தலைமறைவு வேலையை விடவில்லை! வேலை முடிந்து போகிற பெண்களின் பைகளை மேற்பார்வையாளர் சோதிப்பாராம். இவர் மூன்று மூன்று பேராகக் குழு அமைத்தார். ஒருத்திக்கு மற்ற இரண்டு பேரைத் தவிர வேறு யாரையும் தெரியாது. சாக்லேட்டை யாரும் பையில் வைக்கவில்லை. மேற்பார்வையாளரின் சொந்தக் கோட்டுப் பையில் வைத்தார்கள். அவர் எல்லோரையும் சோதித்துவிட்டுத் தானே அதை வெளியே சுமந்துகொண்டு போவார். ட்ராம் நெரிசலில் ஒருத்தி இடித்துவிட்டு, "மன்னியுங்கோ" என்று எடுத்துவிடுவாள். அந்த மனிதர் கடைசிவரை நேர்மையானவர் என்ற பெயரோடு ஓய்வு பெற்றாராம்.

எட்வேட் எப்போதோ போய்ச் சேர்ந்துவிட்டார். ஒரே மகன் டானியல் தூரத்து ஸ்தவாங்கர் நகரத்தில் எண்ணெய்க் கம்பெனியில் எஞ்சினியராக இருந்து ஓய்வு பெற்றவர். நல்ல மனிதர்தான், நத்தாருக்கு வருவார், தாயின் குளிர்சாதனப் பெட்டியைத் துடைத்துவிட்டுப் போவார். தாயும் மகனும் காலநிலையைப் பற்றிக் கதைப்பார்கள். மழையா, ஓம், இங்கே வெயில், சரி. அதற்கு மேல் ஒரு சொல் இருக்காது.

இப்படிப் போய்க்கொண்டிருந்த வாழ்க்கையில்தான் அந்தக் குழாய்க்காரன் வந்து சேர்ந்தான்.

கட்டடத்தில் தண்ணீர்க் குழாய் மாற்ற வந்தவன். எந்த வீட்டில் யார் என்று தெரிய வேண்டுமே, ஆகவே கீழே தபால்பெட்டிகளில் இருந்த பெயர்களை ஒவ்வொன்றாக எழுதிக்கொண்டிருந்திருக்கிறான். ஸ்தாஷா அன்ரி அதைக் கண்டுவிட்டார். அவன் சைக்கிள் அறைக்குள் குழாயைப் பார்க்கப் போனதுதான் தாமதம், வெளியே பூட்டிவிட்டார். பின்னேரம் நான் வேலையால் வந்தபோது உள்ளே ஒரே கூப்பாடு. இவர் சன்னலுக்கு வெளியே கதிரை போட்டுக்கொண்டு கம்பிக்குள்ளால் அவனுக்குப் பாணும் சீஸும் கொடுத்துக்கொண்டிருக்கிறார்.

"அன்ரி! உதென்ன கூத்து?"

"கைதிக்குச் சாப்பாடு குடுக்கோணும். அது சட்டம்."

"அவன் குழாய்க்காரன்!"

"வாசல் வாசலாப் பேர் எழுதினவன். பேர் எழுத வாறவை எல்லாரும் ஏதோ ஒரு வேலைக்காரராத்தான் வருவினம்."

சிரித்தேன். பிறகு அவர் சிரிக்கவில்லை என்று கண்டு, சாவியை வாங்கி அவனைத் திறந்துவிட்டேன்.

குழாய்க்காரன் குடியிருப்புச் சங்கத்துக்கு முறையிட, சங்கம் மகனுக்குச் சொல்ல, மகன் பயந்துபோய் கொம்யூனுக்கு, அதாவது நகரசபைக்கு, எழுதிவிட்டார். தாய்க்கு மறதி நோய், தனியே விட ஏலாது, ஸ்தவாங்கரில் தன் வீட்டுக்குக் கிட்ட முதியோர் இல்லத்தில் சேர்க்க வேண்டும் என்று. கொம்யூனிலிருந்து ஒருவர் வந்து சோதிப்பார். தேறினால் வீடு, தேறாவிட்டால் இல்லம்.

வந்தது இங்வில்ட் என்ற பெண். முப்பது வயதிருக்கும். மெல்லிய குரல், அன்பான முகம், சத்தமே கேட்காத சப்பாத்து. ஸ்தாஷா அன்ரியின் சமையலறை மேசையில் அவரும் அன்ரியும் எதிரெதிரே. நான் அயலவர் என்ற முறையில் பக்கத்தில்.

"முதல்லை உங்கட பேரைச் சொல்லுங்கோ."

"மரியா."

நான் திடுக்கிட்டேன்.

"குடும்பப் பேர்?"

"உங்களுக்குத் தெரிஞ்சதைச் சொல்லுங்கோ, சரியோ பிழையோ எண்டு பாப்பம்."

"இது என்ன வருசம்?"

"எந்த வருசம் எண்டால் உங்களுக்கு வசதி?"

"எத்தினையாம் மாடியிலை இருக்கிறீங்கள்?"

"நான் இஞ்சை இருக்கிறேல்லை. மரக்கறி விக்க வந்தனான்."

மாதாவே! நான் மேசைக்குக் கீழே அவர் காலை மிதித்தேன். அவர் முகத்தில் ஒரு அசைவும் இல்லை. இங்வில்ட் மூன்று சொற்கள் சொன்னார்: வீடு, பூனை, பச்சை. பிறகு கேட்பேன், ஞாபகம் வைத்திருங்கோ என்றார். மணிக்கூடு ஒன்று கீறி, பதினொன்று பத்தைக் காட்டச் சொன்னார். அன்ரி அழகாக வட்டம் கீறி, இலக்கங்களை ஒழுங்காகப் போட்டு, பன்னிரண்டு பத்தைக் காட்டினார். கடைசியில், "அப்ப நான் சொன்ன மூண்டு சொல்லும் என்ன?" என்று இங்வில்ட் கேட்டார்.

"ஆரும் எனக்கு ஒண்டும் சொல்லேல்லை."

இங்வில்ட் மிகுந்த கவலையோடு என்னைப் பார்த்தார். அவர் போய்க் கதவு சாத்தியதும் ஸ்தாஷா அன்ரி எழுந்து நின்று, இரண்டு கையையும் இடுப்பில் வைத்தார். முகம் நிறைந்த வெற்றி.

"கண்டனியோ? வெள்ளரிக்காய் ஒண்டையும் ஒத்துக்கொள்ளேல்லை!"

எனக்கு வந்த கோபத்துக்கு அந்த மேசையைக் கவிழ்த்திருப்பேன்.

"உங்களுக்கென்ன விசரோ? அது கொம்யூன் பிள்ளை! உதவி செய்ய வந்தது!"

"அப்பிடித்தான் எல்லாரும் சொல்லுறவை. கத்திற ஆக்களுக்குப் பயப்பிடத் தேவையில்லை, அனஸ்ரேசியா. தேத்தண்ணி குடிக்கிறீங்களோ எண்டு கேட்டு விசாரிக்கிறவைக்குத்தான் பயப்பிடோணும்."

"தேத்தண்ணி நீங்களெல்லோ குடுத்தது!"

நான் விடவில்லை. "மணிக்கூட்டை ஏன் பிழையாக் காட்டினனீங்கள்?"

"சந்திப்பு நேரத்தைக் காகிதத்திலை போட்டால் ஒரு மணித்தியாலம் தள்ளித்தான் போடோணும். அது உனக்குத் தெரியாதோ?"

உண்மையிலேயே மறந்துவிட்டாரோ என்று எனக்கே சந்தேகம் வந்தது. கேட்டுப் பார்த்தேன். வீடு, பூனை, பச்சை என்றார். இங்வில்டின் காப்பில் பிறந்த மாதக் கல் இருந்தது, இடது சப்பாத்தில் நூல் புதுசு, மூன்றாவது கேள்வியில் எச்சில் விழுங்கினாள், வீட்டில் சின்னப் பிள்ளை இருக்கிறது, ஏனென்றால் தோளில் பால் கறை என்று அடுக்கிக்கொண்டே போனார். நான் வாயைப் பிளந்துகொண்டு இருந்தேன். இப்படி மூளையை வைத்துக்கொண்டு சோதனையில் பூச்சியம் எடுத்துவிட்டு நிற்கிறாரே!

"சரி, இனி ஸ்தவாங்கர்தான்" என்றேன் எரிச்சலில். "போய் இருங்கோ. கடல் தெரியுமாம். மகனும் பக்கத்திலை. எனக்கும் கதவு தட்டுற கரைச்சல் இல்லை."

அவர் இருந்துவிட்டார். வெற்றி எல்லாம் முகத்திலிருந்து போய்விட்டது.

"அப்பிடியான இடங்களிலை இரவிலை கதவைத் திறந்து பாப்பினம். எல்லாரும் இருக்கினமோ எண்டு."

"உங்கட நல்லதுக்குத்தானே."

"முகாமிலை காலமையும் பின்னேரமும் எண்ணினவை. பனிக்குள்ளை நிக்க வைச்சு. ஒரு ஆள் குறைஞ்சால் திரும்ப முதல்லை இருந்து. நிண்டபடி செத்தவளையும் பிடிச்சு நிமித்தி வைச்சிருந்தனாங்கள், கணக்குச் சரியா வரட்டுமெண்டு." மேசை விரிப்பின் நுனியை மடித்து மடித்து விரித்தார். "என்னை இனி ஆரும் எண்ணக்கூடாது, அனஸ்ரேசியா. இந்த வீட்டிலை நான் ஒரு ஆள். எண்ணத் தேவையில்லை."

உடனே இங்வில்டுக்குத் தொலைபேசி எடுத்து, அன்றைக்கு மனுசிக்குக் காய்ச்சல், இன்னொரு தரம் வாங்கோ பிள்ளை என்று கெஞ்சினேன். நல்ல பிள்ளை, சம்மதித்தது. ஆனால் அடுத்தமுறை மகனும் வந்திருப்பார் என்றது.

இனி இவரை உண்மை சொல்ல வைக்க வேண்டும். கேட்டால், முடியாதாம். விசாரணையில் உண்மை சொல்வதில்லை என்று சத்தியம் செய்து கொடுத்தவராம். சத்தியத்தை எடுத்துவிட வேண்டியவர் தளபதி. தளபதி செத்து எழுபது வருடத்துக்கு மேல்.

"நான் தளபதி மாதிரிக் குரலை மாத்திக் கதைக்கட்டோ?" என்றார் கொன்ஸ்ரன்ரைன். அவர் பஸ் ஓட்டுகிறவர், ஆனால் வருடாவருடம் பெரிய வெள்ளிக்கு எங்கள் ஆட்கள் போடுகிற திருப்பாடுகளின் காட்சியில், இயேசுவுக்குத் தீர்ப்புச் சொல்லிவிட்டுக் கை கழுவுகிற பிலாத்து அவர்தான். அதனால் தன்னைப் பெரிய நடிகர் என்று நினைப்பு.

"உங்களுக்குப் போலந்து பாசை தெரியுமோ?"

"தெரியாது."

"அப்ப வாயைப் பொத்திக்கொண்டு இருங்கோ."

அன்றைக்கு உளுந்து அரைத்துக்கொண்டிருந்தபோதுதான் எனக்கு யோசனை வந்தது. கையைக்கூடக் கழுவாமல் எதிர்க்கதவில் போய், இரண்டு தட்டு, ஒரு இடைவெளி, ஒரு தட்டு. வாழ்க்கையில் முதல்முறை உருளைக்கிழங்கு வந்திருக்கு என்று நான் சொன்னேன்.

"அன்ரி, உங்களுக்குப் புது வேலை வந்திருக்கு. புது ஆளா மாறோணும். புதுப் பேர், புதுக் கதை. அந்த விசாரணைக்காரி அடுத்தமுறை வரேக்கை அந்தக் கதையை மட்டும்தான் சொல்லோணும், ஒரு சொல்லும் பிசகாமல்."

அவர் கண் மின்னியது. "ஆர் அனுப்பினது?"

"அது கேக்கக் கூடாதெல்லோ?"

"சரி சரி" என்றார் மகிழ்ச்சியோடு. கதவைப் பூட்டினார். "பேர்?"

"ஸ்தனிஸ்லாவா. தொண்ணூற்றொரு வயசு."

"வயசு கூடிப் போச்சு. ஆரும் நம்பாயினம். எண்பத்தைஞ்சு போடுவம்."

"மேலிடத்து உத்தரவு."

"விசருகள்" என்று மேலிடத்தைத் திட்டினார். "பிறகு?"

ஸ்டோவ்னரில் எட்டாம் மாடி. சாக்லேட் தொழிற்சாலையில் வேலை பார்த்தவள். கணவன் எட்வேட், சமையல்காரன்.

"நல்லாச் சமைப்பானோ?"

"இல்லை."

"பிறகேன் அவள் அவனைக் கட்டினவள்? விசாரணைக்காரி அதைக் கேப்பாள்."

"அதை நீங்கள்தான் யோசிச்சுச் சொல்லோணும்."

சூப் கதை வரும் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். வரவில்லை. "அவள் நித்திரையிலை கத்துவாள்" என்றார். "அவன் எழும்பி லைற்றைப் போடுவான். ஏனெண்டு ஒருநாளும் கேக்கேல்லை. அதுக்காகத்தான் கட்டியிருப்பாள்."

நான் உளுந்து மாக் கையைச் சட்டையில் துடைத்தேன். பிறகு, "ஒரு மகன். டானியல்" என்றேன்.

"மகனுக்கு அவளைப் பிடிக்குமோ?"

"பிடிக்கும்."

"அது கதையிலை வாறதோ, உண்மையிலையோ?"

"உண்மையிலை" என்றேன். அவர் தலையாட்டினார், ஆனால் நம்பினதாகத் தெரியவில்லை.

தன்னுடைய வாழ்க்கையையே அவர் பொய்க் கதைபோலப் பாடமாக்கினார். அது தன் கதைதான் என்று தெரியாமலா பாடமாக்கினார்? எனக்கு இன்றைக்கும் விளங்கவில்லை. ஒத்திகைக்கு இங்வில்டாக நடிக்க கொன்ஸ்ரன்ரைன் வந்தார். கேள்விகளைப் பிலாத்துவின் குரலில் கர்ஜித்தார். ஒவ்வொரு ஒத்திகையின் முடிவிலும் பழக்க தோசத்தில் எழுந்து போய்க் கை கழுவினார்.

சோதனை நாள் வந்தது. டானியல் ஸ்தவாங்கரிலிருந்து வந்திருந்தார். அறுபத்தேழு வயது, ஆறடிக்கு மேல் உயரம், வழுக்கை. அந்தச் சின்னச் சமையலறையில் முழங்காலை எங்கே வைப்பது என்று தெரியாமல் இருந்தார். கொன்ஸ்ரன்ரைன் கதவு நிலையில் சாய்ந்து நின்றார்.

ஸ்தாஷா அன்ரி பிய்த்து உதறினார்! பெயர், வயது, வருடம், மாடி எல்லாம் தண்ணி பட்ட பாடு. மணிக்கூட்டில் பதினொன்று பத்து என்றால் பதினொன்று பத்து. இங்வில்ட் கடைசியில், இந்தமுறை சொன்ன மூன்று புதுச் சொற்களையும் கேட்டார்.

"கதிரை, மஞ்சள், வாளி" என்றார் அன்ரி. பிறகு ஏளனமாக, "போனமுறை வீடு, பூனை, பச்சை" என்றார்.

இங்வில்டின் பேனை நின்றுவிட்டது. டானியல் தாயையே பார்த்தபடி இருந்தார். எனக்குத் துள்ளிக் குதிக்க வேண்டும் போலிருந்தது. வென்றுவிட்டோம்!

இங்வில்ட் காகிதங்களை ஒரு பக்கம் வைத்துவிட்டுச் சிரித்தார். "சோதனை முடிஞ்சுது. இது சும்மா கேக்கிறன். மகனுக்குப் பக்கத்திலை போய் இருக்க உங்களுக்கு ஏன் விருப்பமில்லை?"

ஸ்தாஷா அன்ரி என் பக்கம் திரும்பினார். எல்லோருக்கும் கேட்கிற குரலில், "இதுக்கு என்ன சொல்லுறதெண்டு முடிவெடுத்தனாங்கள்?" என்றார்.

எனக்கு உயிர் போய் வந்தது. கொன்ஸ்ரன்ரைன் கை கழுவப் போய்விட்டார், உண்மையாகவே.

டானியலின் முகம் சிவந்தது. "முடிவெடுத்ததோ? இதுவும் சொல்லிக் குடுத்ததோ?" அவர் இங்வில்டிடம் திரும்பினார். "பாருங்கோ, என்ர வாழ்க்கை முழுக்க இதுதான். அம்மா இரவிலை ஏன் கத்துறீங்கள்? ஒண்டுமில்லை. கதவுக்குப் பின்னாலை ஏன் எப்பவும் ஒரு பை கட்டி வைச்சிருக்கு? ஒண்டுமில்லை. இண்டைக்குத்தான் இந்த வீட்டு வாசலிலை கொன்ஸ்ரன்ரைன் எனக்கு ஒரு வாத்துக் கதை சொல்லுறார். என்ர அம்மாவின்ர வாத்து! தமிழ் ஆக்களுக்குத் தெரியுது, எனக்குத் தெரியாது. நான் ஆரெண்டு நினைக்கிறா? என்னை நம்பேல்லை. ஒருநாளும் நம்பேல்லை."

அந்தப் பெரிய மனிதரின் குரல் உடைந்தது. ஸ்தாஷா அன்ரி தன் கைகளைப் பார்த்தபடி, பாடமாக்கிய அதே நிதானத்தில் சொல்லத் தொடங்கினார்.

"அந்த மனுசி, ஸ்தனிஸ்லாவா, அவளுக்கு ஒரு மகன் பிறந்தவன். அவள் தெரிஞ்ச பிள்ளையள் மூண்டு பேரைப் பிடிச்சுக்கொண்டு போய் அடிச்சவங்கள். எங்கை, ஆர், எப்ப எண்டு கேட்டு அடிச்சவங்கள். அவளவைக்குத் தெரிஞ்சிருந்தது, அதாலைதான் அவ்வளவு அடி. அவளையும் பிடிச்சவங்கள், ஆனால் அவளுக்கு ஒண்டும் தெரியாது, ரெண்டு அடியோடை விட்டிட்டாங்கள். தெரியாதவள் உயிரோடை வந்திட்டாள். பிறகு மகன் பிறக்க, அவள் தீர்மானிச்சாள். இவனுக்கு ஒண்டும் தெரியக்கூடாது. தெரியாததை ஆரும் அடிச்சு எடுக்கேலாது."

"வாத்துக் கதை?" என்றேன் நான், வாய் சும்மா இருக்காமல்.

"வாத்து செத்துப்போச்சு. அதை ஆருக்கும் சொல்லலாம்."

டானியல் மேசையில் கையை ஊன்றிக்கொண்டு எழுந்தார். "அம்மா, ஒஸ்லோவிலை என்னை ஆர் அடிக்க வரப்போறவங்கள்?"

"நீ சின்னப் பிள்ளை" என்றார் அவர், இப்போதுதான் மகனை நேராகப் பார்த்து. "எனக்கு இருந்தது நீ ஒராள். எப்பிடி நான் துணிஞ்சு பாக்கிறது?"

டானியல் அழுதார். எங்கள் ஆண்களைப்போல முகத்தைத் திருப்பிக்கொண்டு அழாமல், நின்றபடி, கையைத் தொங்கவிட்டபடி அழுதார். ஸ்தாஷா அன்ரி அவரை மேலிருந்து கீழே ஒருமுறை பார்த்தார். வழுக்கை, கண்ணாடி, நரைத்த புருவம்.

"இப்ப வளர்ந்திட்டாய்" என்றார். "இரு, சொல்லுறன்."

பிறகு எங்களைப் பார்த்துக் கையை வீசினார். "நீங்கள் வெளியிலை போங்கோ. இது குடும்ப விசயம்."

இருபது வருடமாக வடையும் குழம்பும் கொண்டுபோய்க் கொடுத்த என்னை, அவர் வாழ்க்கையை அவருக்கே பாடமாக்கிக் கொடுத்த என்னை, கொம்யூன் பிள்ளையோடும் பிலாத்துவோடும் சேர்த்து வெளியே தள்ளிக் கதவைப் பூட்டினார். நான் வெட்கத்தை விட்டுக் கதவில் காதை வைத்தேன். உள்ளே தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டிருக்கிறார், ஒரு சொல்லும் வெளியே கேட்காதபடி.

இங்வில்டை எங்கள் வீட்டுக்குக் கூட்டிவந்து வடை கொடுத்தேன். அவர் மூக்கை உறிஞ்சிக்கொண்டே மூன்று வடை சாப்பிட்டார். அன்ரி தன் வீட்டிலேயே இருக்கலாம் என்று எழுதப்போவதாகச் சொன்னார். குழாய்க்காரரை மட்டும் இனிப் பூட்டி வைக்கவேண்டாமாம்.

இருட்டத் தொடங்கும்போதுதான் எதிர்க்கதவு திறந்தது. ஓடிப் போனேன். டானியல் நின்றார். கண்ணும் மூக்கும் சிவந்து வீங்கியிருந்தன, ஆனால் முதுகு நிமிர்ந்திருந்தது.

"என்னவாம்? என்ன சொன்னவா? அந்த மூண்டு பிள்ளையளும் ஆராம்?"

அவர் மாடி நடைவழியின் அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் பார்த்தார். பிறகு குனிந்து, பள்ளிக்கூடப் பிள்ளையின் பெருமையோடு என் காதுக்குள் சொன்னார்.

"அம்மா சொல்லவேண்டாமெண்டு சொன்னவா."